நீங்க எந்தத் தெரு?

செங்கம் சாலையில் ரமணாசிரமத்தைத் தாண்டி ஒரு டீக்கடை. எங்கள் தோழர்கள் இரண்டு பேர் நின்று டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். பக்கத்தில் ஒரு பெரியவர். வெள்ளை வேட்டி, நெற்றியில் விபூதி, கையில் ரமணரின் ‘நான் யார்?’ சிறு புத்தகம். அன்பாகத்தான் பேச்சுக் கொடுத்தார்.

“தம்பி எந்த ஊரு?”

“இந்த ஊருதாங்க.”

“திருவண்ணாமலையில எங்க?”

“இங்க பக்கத்துலதாங்க.”

“பக்கத்துலன்னா எந்தத் தெரு?”

தோழர் காலனியின் பெயரைச் சொன்னார். பெரியவர் ‘ஓ’ என்றார். அதற்குமேல் அவருக்குக் கேட்க எதுவும் இருக்கவில்லை. புத்தகத்தைத் திறந்து விட்ட இடத்திலிருந்து படிக்கத் தொடங்கினார்.

தான் யார் என்று தெரிந்துகொள்ள அவர் பல வருடங்களாக இந்த மலைக்கு வந்துபோகிறார். நாங்கள் யார் என்று தெரிந்துகொள்ள அவருக்கு மூன்று கேள்விகள் போதுமானதாக இருந்தன.

தோழர்களே, இந்தப் பதிவை அந்தப் பெரியவர்மேல் உள்ள கோபத்தில் எழுதவில்லை. அவரைப் போல ஆயிரம் பேரை தினமும் பார்க்கிறோம். எங்கள் கோபம் எங்கள் மேல். மூன்று கேள்வியில் எங்களை அடக்கிவிட முடிகிறது என்றால், அந்த மூன்று கேள்விகளுக்கு அப்பால் எங்களைப் பற்றி ஒரு வரலாற்றை நாங்கள் எழுதி, பேசி, படம்பிடித்து வைக்கவில்லை என்பதும் அதற்கு ஒரு காரணம். அதைப் பற்றித்தான் பேச வேண்டும்.

ஆசிரமத்திடம் கற்க வேண்டியது

நினைவை எப்படிப் பாதுகாப்பது என்று தெரிந்துகொள்ள நாம் வெளிநாடு போக வேண்டியதில்லை. ரமணாசிரமத்துக்குள் போய்ப் பாருங்கள்.

1896 செப்டம்பர் 1ஆம் தேதி ஒரு பதினாறு வயதுப் பையன் வீட்டைவிட்டு வந்து இந்த ஊரில் ரயிலிறங்கினான். அன்றிலிருந்து 1950 ஏப்ரல் 14 வரை அவர் இருந்த குகை எது, உட்கார்ந்த திண்ணை எது, எந்த ஆண்டு எங்கே இருந்தார், யார் என்ன கேட்டார்கள், அதற்கு என்ன பதில் சொன்னார் என்பதெல்லாம் பதிவாகியிருக்கிறது. சிவப்பிரகாசம் பிள்ளை கேட்ட கேள்விகளும் ரமணர் தந்த விடைகளும்தான் அந்தப் பெரியவர் கையில் இருந்த புத்தகம். ரமணரின் கடைசி நாட்களில் உலகப் புகழ்பெற்ற புகைப்படக் கலைஞர் ஆன்றி கார்த்தியே-ப்ரெஸ்ஸோன் இங்கே இருந்தார். அவர் எடுத்த படங்கள் இன்றும் உலகம் முழுக்கச் சுற்றுகின்றன. ரமணர் நடந்து போகும் அசையும் படங்கள்கூட இருக்கின்றன. 1964இலிருந்து ஆசிரமத்துக்கு ஓர் ஆங்கில இதழ் இருக்கிறது. ஆசிரம வளாகத்துக்குள் லட்சுமி என்ற பசுவுக்கு சமாதி இருக்கிறது. நாய்க்கு, மானுக்கு, காகத்துக்கும் இருக்கின்றன.

இதில் எதையும் நாங்கள் கேலி செய்யவில்லை. தங்களுக்குப் பிரியமானவரின் ஒவ்வொரு அடியையும் மறக்கக் கூடாது என்று நினைத்த மனிதர்களின் உழைப்பு இது. காகிதம், கேமரா, இடம், பணம், ஓய்வு நேரம் எல்லாம் அவர்களிடம் இருந்தன. பயன்படுத்திக்கொண்டார்கள்.

ஆனால் அதே நினைவுகளுக்குள் ஒரு கிழவியும் வருகிறார். மலையில் கீரை பறித்துச் சமைத்து ரமணருக்குக் கொடுத்தவர். கீரைப்பாட்டி. வரலாற்றில் அவருக்கு நின்றுபோன பெயரே அவர் பறித்த கீரையின் பெயர்தான். அவருடைய அப்பா அம்மா யார், எந்த ஊரிலிருந்து வந்தார், ஏன் தனியாக மலையில் வாழ்ந்தார் என்று யாராவது உட்கார்ந்து கேட்டார்களா? அந்தப் பாட்டிதான் லட்சுமி பசுவாக மறுபடி பிறந்தார் என்று பக்தர்கள் நம்புகிறார்கள். 1948இல் இறந்த பசுவின் கதை புத்தகம் புத்தகமாக இருக்கிறது. கிழவியின் வாழ்க்கை அந்தக் கதைக்கு முன்னுரையாக இரண்டு பக்கம் வருகிறது. பாட்டி என்ன சாதி என்பது எங்கள் கேள்வி இல்லை. கீரை பறிப்பவரின் வாழ்க்கை யாருக்கும் குறித்துவைக்கத் தோன்றாத வாழ்க்கையாக இருந்தது என்பதுதான் எங்கள் கேள்வி.

இங்கே வந்ததும் ரமணர் பூணூலைக் கழற்றி எறிந்தார். பெரிய காரியம்தான், மறுக்கவில்லை. ஆனால் கழற்ற முடிந்த அடையாளம் அவருடையது. எங்கள் பாட்டனுக்குக் கழற்றி எறிய உடம்பில் ஒன்றும் இல்லை. அவன் அடையாளம் அவன் குடியிருந்த தெருவில் இருந்தது, அவன் குடித்த குவளையில் இருந்தது, மற்றவர்களின் வாயில் இருந்தது. ரமணர் உயிரோடு இருந்த காலத்திலேயே ஆசிரமத்தின் சாப்பாட்டுக் கூடத்தில் பிராமணர்களுக்கும் மற்றவர்களுக்கும் நடுவே தடுப்பு இருந்ததை பக்தர்களின் நினைவுக் குறிப்புகளே சொல்கின்றன. ‘நான் யார்’ என்று கேட்கச் சொன்னவரின் பந்தியிலேயே நீ யார் என்பது முன்கூட்டி முடிவாகியிருந்தது.

நான்கு நிமிடம்

எங்கள் காலனியில் ஓர் ஆயா இருந்தார். பல வருடங்கள் இந்தப் பகுதியில் உள்ள ஒரு விருந்தினர் விடுதியில் துணி துவைத்து, கக்கூஸ் கழுவி, அறை பெருக்கியவர். ஒருநாள் வேலை முடிந்து வரும்போது சும்மா பேச்சுக்குச் சொன்னார்.

“இப்ப ரூமு கட்டி வெச்சிருக்காங்களே, அந்த எடத்துலதான் எங்க நைனா மல்லாட்ட போட்டாரு. மூலைல புளியமரம். மரத்துக்குக் கெழக்க கெணறு. எங்க தாத்தாவுக்கு வெள்ளக்காரன் காலத்துல குடுத்த நெலம்னு சொல்லுவாங்க. அதெல்லாம் இப்ப எதுக்கு கண்ணு?”

தோழர் ஒருவர் சட்டென்று போனை எடுத்துப் பதிவு செய்தார். நான்கு நிமிடம். பிறகு சார்ஜ் தீர்ந்துவிட்டது. “அடுத்த வாரம் வரோம் ஆயா, நிதானமா பேசலாம்” என்று சொல்லிவிட்டு வந்தோம். அடுத்த வாரம் ஒரு ஆர்ப்பாட்டம். அதற்கடுத்த வாரம் தேர்வு. மூன்றாவது வாரம் அவருடைய சாவுக்குத்தான் போனோம்.

அந்த நான்கு நிமிடத்தில் மூன்று விஷயங்கள் இருந்தன. ஒரு மரம், ஒரு கிணறு, ஒரு தாத்தாவின் பெயர். அவை எதற்குப் பயன்படும் என்று இந்த வரலாறு தெரிந்தவர்களுக்குப் புரியும். 1891இல் செங்கல்பட்டு கலெக்டர் திரமென்கீர் நம் மக்களின் நிலைமை பற்றி அரசுக்கு அறிக்கை கொடுத்தார். அதைத் தொடர்ந்து 1892இல் சென்னை மாகாண அரசு ஆணை போட்டது. பஞ்சமி நிலங்கள் அப்படித்தான் வந்தன. முதல் பத்து வருடம் யாருக்கும் விற்கக் கூடாது, அதன் பிறகும் தாழ்த்தப்பட்ட வகுப்பாருக்கு மட்டுமே விற்கலாம், மீறினால் அரசு திரும்ப எடுத்துக்கொள்ளலாம் என்பது நிபந்தனை. மாகாணம் முழுக்க 12 லட்சம் ஏக்கர் என்று இயக்கங்கள் சொல்லிவருகின்றன. அதைக் கேட்டுத்தான் 1994 அக்டோபரில் செங்கல்பட்டில் ஜான் தாமஸும் ஏழுமலையும் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் செத்தார்கள்.

நிலம் ஏமாற்றி வாங்கப்பட்டபோது நம்மிடம் காகிதம் இல்லை. இருந்த காகிதமும் வட்டிக் கடையில் இருந்தது. நம்மிடம் மிச்சம் இருந்தது ஆயாவின் வாய்தான். எந்த மரத்துக்குக் கிழக்கே, எந்தக் கிணற்றுக்கு மேற்கே என்று அவர்தான் சொல்ல முடியும். அதிலிருந்துதான் சர்வே எண்ணைப் பிடிக்க முடியும். சர்வே எண்ணைப் பிடித்தால்தான் பழைய அ-பதிவேட்டில் என்ன எழுதியிருக்கிறது என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்க முடியும். ஆயாவின் நான்கு நிமிடத்தை வைத்து ஒரு அலுவலகத்தில் மனு கொடுத்திருக்கிறோம். தாத்தாவின் பெயர் இருக்கிறது, அவருடைய அப்பா பெயர் தெரியவில்லை. அதே பெயரில் நான்கு பேர் இருக்கிறார்களாம், இவர் யார் என்று எப்படிச் சொல்வது என்று கேட்கிறார்கள். ஐந்தாவது நிமிடத்தில் ஆயா அதைச் சொல்லியிருப்பார்.

இன்றைக்கு கிரிவலப் பாதையை ஒட்டி ஒரு சென்ட் நிலம் என்ன விலை போகிறது என்று உங்களுக்குத் தெரியும். அங்கே நம் நினைவுக்கு என்ன விலை என்பதையும் இதோடு சேர்த்துக் கணக்குப் போடுங்கள்.

மல்லாட்டை நாட்டிலிருந்து ஒரு பெண்

ஆயா செத்த பிறகுதான் எங்கள் படிப்பு வட்டத்தில் சஃபி ஃபாயைப் பற்றிப் பேசினோம். 1943இல் செனகல் நாட்டின் தக்காரில் பிறந்தவர். செரேர் இனத்து விவசாயக் குடும்பம். பள்ளி ஆசிரியையாக வேலை பார்த்தவர். பிரெஞ்சு மானுடவியலாளரும் திரைப்பட இயக்குநருமான ஜான் ரூஷின் படத்தில் நடித்தார். பிறகு பாரிஸுக்குப் போய் இனவரைவியலும் சினிமாவும் படித்தார்.

இனவரைவியல் என்றால் என்ன என்று நமக்கு நன்றாகவே தெரியும். எட்கர் தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட ‘தென்னிந்தியக் குலங்களும் குடிகளும்’ ஏழு தொகுதிகள். நம் பாட்டன்களின் மூக்கையும் மண்டையையும் கருவி வைத்து அளந்தார்கள். மூக்கின் அளவு அட்டவணையில் இருக்கிறது, மூக்குக்குச் சொந்தக்காரனின் பெயர் இல்லை. ஆப்பிரிக்காவிலும் வெள்ளையர்கள் அதையேதான் செய்தார்கள். அந்தப் படிப்பைப் படித்த சஃபி ஃபாய் கேமராவோடு தன் சொந்த ஊருக்குப் போனார். தன் தாத்தாவின் எதிரே போய் உட்கார்ந்தார்.

1975இல் வந்த அவருடைய ‘கத்து பேகத்’ படத்தில் நடிகர்கள் கிடையாது. சொந்தக்காரர்களும் ஊர்க்காரர்களும்தான். கதை என்ன தெரியுமா? மல்லாட்டை. பிரெஞ்சுக்காரன் செனகல் முழுக்க வேர்க்கடலை போட வைத்தான். நாடு விடுதலை அடைந்த பிறகும் அதே கடலை, அதே வரி, அதே கடன். சோற்றுக்குத் தானியம் போட நிலமில்லை. மழை பொய்த்தால் ஊரே காலி. கல்யாணம் பண்ணக் காசில்லாமல் ஒரு பையன் நகரத்துக்குப் பிழைக்கப் போய், அங்கே அவமானப்பட்டுத் திரும்புகிறான். திருவண்ணாமலை மாவட்டத்தில் கடலை பிடுங்கப் போன நம் அம்மாக்களுக்கு இந்தக் கதையை யாரும் மொழிபெயர்த்துச் சொல்ல வேண்டியதில்லை. அந்தப் படத்தில் பேசும் அவருடைய தாத்தா, படப்பிடிப்பு முடிந்த சில நாட்களில் இறந்துபோனார். சஃபி ஃபாய்க்கு அந்த ஐந்தாவது நிமிடம் கிடைத்தது. எங்களுக்குக் கிடைக்கவில்லை.

1979இல் ‘ஃபாட்யால்’ எடுத்தார். அது அவருடைய பூர்விக ஊரின் பெயர். பெரியவர்கள் மரத்தடியில் உட்கார்ந்து பேரப்பிள்ளைகளுக்கு ஊரின் வரலாற்றைச் சொல்கிறார்கள். ஊரை உண்டாக்கியவள் ஒரு பெண். யாருக்குப் பின் யார், எந்த ஆண்டு பஞ்சம், எந்த நிலம் யார் வசம் இருந்தது என்று எல்லாம் வருகிறது. ஏன் இதை இப்போது சொல்கிறார்கள்? 1964இல் செனகல் அரசு ஒரு சட்டம் கொண்டுவந்தது. நிலமெல்லாம் தேசத்தின் சொத்து என்றது. தலைமுறை தலைமுறையாக உழுத நிலம் உன்னுடையது என்பதற்கு என்ன ஆதாரம் என்று அரசு கேட்கிறது. தாத்தா சொல்லும் வரலாறுதான் ஆதாரம். பாட்டி கதை கேட்பது பொழுதுபோக்கு என்று நினைப்பவர்கள் இந்தப் படத்தைப் பார்க்க வேண்டும்.

சஃபி ஃபாய் 2023 பிப்ரவரியில் பாரிஸில் காலமானார். நம் ஊர்ப் பத்திரிகைகளில் எங்கள் கண்ணில் ஒரு வரி படவில்லை. அதற்குச் சில வாரங்கள் முன்னால், அதே 2023 ஜனவரி 30ஆம் தேதி, தண்டராம்பட்டு பக்கம் தென்முடியனூரில் நம் மக்கள் முத்துமாரியம்மன் கோயிலுக்குள் முதல்முறையாகப் போனார்கள். கலெக்டரும் போலீசும் வந்து நின்ற பிறகுதான் போக முடிந்தது.

அவர்கள் நினைவு வழக்கம், நம் நினைவு கிளறலா?

தென்முடியனூரில் எதிர்த்தவர்கள் என்ன சொன்னார்கள் என்று நினைவிருக்கிறதா? 80 வருட வழக்கம். அந்தக் காலத்திலேயே பேசி முடிவானது. அவர்களுக்குக் காலனியில் தனிக் கோயில் இருக்கிறது. அதாவது, 80 வருடத்துக்கு முன்னால் என்ன நடந்தது என்பதை அவர்கள் ஒருநாளும் மறக்கவில்லை. பிள்ளைகளுக்கும் பேரன்களுக்கும் சொல்லிச் சொல்லி வளர்த்திருக்கிறார்கள். அதே ஆண்டு ஆகஸ்டில் செல்லங்குப்பத்திலும் மாரியம்மன் கோயிலுக்குள் நம் மக்கள் போக போலீஸ் பந்தோபஸ்து தேவைப்பட்டது.

இப்போது நாம் நம் பாட்டன் கதையைச் சொல்ல வாயெடுத்தால் என்ன சொல்கிறார்கள்? “பழசையெல்லாம் ஏன் தம்பி கிளறணும்?” “இப்ப யாருங்க சாதி பாக்குறா?” “நீங்களே சாதியை மறக்க மாட்டேங்குறீங்க.” ஆண்டவனின் வம்சாவளி கல்வெட்டில் இருக்கலாம். ஜமீனின் குடும்பப் படம் அரண்மனைச் சுவரில் தொங்கலாம். சாதிச் சங்கம் நடத்தும் மாநாட்டில் ஆயிரம் வருடத்துப் பெருமையைப் பேசலாம். நாம் நம் ஆயாவின் வாயிலிருந்து மூன்று தலைமுறைக் கதையை எடுத்தால் மட்டும் அது பிரிவினை.

ரமணாசிரமம் பகுதியில் இதற்கு இன்னொரு மாதிரியான பேச்சும் உண்டு. அடையாளமே மாயை, எல்லாம் ஒன்று என்பார்கள். உள்ளூர்க்காரர்களும் சொல்வார்கள், ஜெர்மனியிலிருந்து வந்தவரும் சொல்வார். சரி, ஒன்றுதான். அப்படியென்றால் அந்த விடுதியில் ஆயா ஏன் பின்வாசல் வழியாக வந்தார்? அவருக்கு ஏன் தனி டம்ளர்? அடையாளத்தைக் கைவிடச் சொல்லும் உபதேசத்தை, அடையாளத்தால் லாபம் அடைகிறவர்களிடம் முதலில் சொல்லிவிட்டு வாருங்கள். நாங்கள் வரிசையில் கடைசியில் நிற்கிறோம், எங்களுக்கு அது பழக்கம்தான்.

கடிதத்தை யார் எழுதுவது

ஆயாவின் நினைவாக ஒரு படம் திரையிடலாம் என்று முடிவெடுத்தோம். செம்பேன் உஸ்மானின் 1966ஆம் ஆண்டுப் படம், ‘கறுப்புப் பெண்’. செம்பேன் மர்செய் துறைமுகத்தில் மூட்டை தூக்கிய தொழிலாளி, தொழிற்சங்கக்காரர். பிரெஞ்சில் நாவல்கள் எழுதினார். தன் மக்களில் பெரும்பாலோருக்கு அதைப் படிக்கத் தெரியாது என்பதை உணர்ந்து நாற்பது வயதை நெருங்கும்போது சினிமா கற்றுக்கொண்டார்.

இந்தப் பகுதியில் ஒரு கூடத்தைக் கேட்டோம். “என்ன படம்?” “ஆப்பிரிக்கப் படங்க.” “ஓ, நல்லா இருக்குமே. யார் நடத்துறீங்க?” சொன்னோம். “அன்னிக்கு வேற நிகழ்ச்சி இருக்குதே தம்பி.” நாங்கள் இன்னும் தேதியே சொல்லவில்லை.

காலனித் தெருவில் வேட்டியைக் கட்டித் திரையிட்டோம். வசனத்தை ஒரு தோழர் மைக்கில் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார். வந்தவர்களில் பாதிப் பேர் வீட்டுவேலைக்கும் விடுதி வேலைக்கும் போகும் பெண்கள். தியுவானா என்ற செனகல் பெண்ணை, குழந்தைகளைப் பார்த்துக்கொள்ள என்று சொல்லி ஒரு பிரெஞ்சுக் குடும்பம் பிரான்சுக்குக் கூட்டிப்போகிறது. அங்கே போனால் சமையல், துணி, கழுவல், துடைப்பு. நாள் முழுக்க அடுப்படி. அவள் நல்ல உடையும் உயர்ந்த குதிகால் செருப்பும் போட்டுக்கொண்டு வேலை செய்கிறாள். எஜமானிக்கு அது பொறுக்கவில்லை. செருப்பைக் கழற்று என்கிறாள். தெருவில் உட்கார்ந்திருந்த பெண்களிடையே ஒரு சிரிப்பு ஓடியது. சந்தோஷச் சிரிப்பு இல்லை. ஊர்த்தெருவில் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடந்தவர்களின் மகள்கள் அவர்கள்.

பிறகு அந்தக் கடிதக் காட்சி. ஊரிலிருந்து அம்மா பேரில் ஒரு கடிதம் வருகிறது. தியுவானாவுக்குப் படிக்கத் தெரியாது. எஜமானன் படித்துக் காட்டுகிறான். பதிலையும் அவனே எழுதத் தொடங்குகிறான். நான் நலம், எஜமானி நல்லவர், நன்றாகப் பார்த்துக்கொள்கிறார்கள் என்று அவளைக் கேட்காமலே எழுதிக்கொண்டே போகிறான். அவள் அம்மாவின் கடிதத்தைக் கிழித்துப் போடுகிறாள். பின்வரிசையிலிருந்து ஒரு அக்கா சத்தமாகச் சொன்னார்: “அந்தப் பொண்ணு வாயத் தொறக்கவேயில்ல, அவனே எழுதுறான் பாரு!”

இந்தப் பதிவில் நாங்கள் சொல்ல வருவது முழுக்க அந்த அக்கா சொன்ன ஒரு வாக்கியம்தான். நம்மைப் பற்றிய கடிதம் நூறு வருடமாக நமக்காக வேறொருவனால் எழுதப்படுகிறது. தர்ஸ்டன் எழுதினான். ஹரிஜன் என்று பெயர் வைத்தவர் எழுதினார். தமிழ் சினிமா நம்மை எடுபிடியாக, அடியாளாக, குடிகாரனாக எழுதியது. கிரிவலப் பாதையில் கேமராவோடு வரும் பயணி, காலனிப் பிள்ளையின் சிரிப்பைப் படமெடுத்து ‘எளிய மகிழ்ச்சி’ என்று எழுதுகிறார். பிள்ளையின் பெயரைக்கூடக் கேட்பதில்லை.

படத்தின் முடிவில் தியுவானா உயிரை விடுகிறாள். எஜமானன் அவளுடைய பெட்டியையும் சம்பளப் பணத்தையும் தக்காரில் இருக்கும் அம்மாவிடம் கொண்டுபோகிறான். அம்மா பணத்தைத் தொடவில்லை. சிறுவன் ஒருவன் முகமூடியை மாட்டிக்கொண்டு எஜமானனின் பின்னாலேயே நடக்கிறான். அவன் ஓடுகிறான். சாவுக்கு நிவாரணக் காசோலை வாங்கிய குடும்பங்கள் எங்கள் மாவட்டத்திலும் உண்டு. அந்தக் காட்சியில் யாரும் பேசவில்லை. மறுநாள் காலையில் பிள்ளைகள் அட்டைப் பெட்டியை வெட்டி முகமூடி செய்து தெருவில் ஒருவரையொருவர் துரத்திக்கொண்டிருந்தார்கள்.

செம்பேனின் தியுவானாவுக்கு 1966இல் கடிதம் எழுதத் தெரியாது. சஃபி ஃபாயின் ‘கத்து பேகத்’ 1975இல் ஒரு கடிதமாகவே அமைந்தது. அதன் பிரெஞ்சுத் தலைப்புக்கு உழவர் கடிதம் என்று பொருள். ஒன்பது வருடத்தில் அதே நாட்டின் ஒரு பெண் தன் கடிதத்தைத் தானே எழுதினாள்.

நம் பக்கத்துக் கடிதங்கள்

நம்மிடம் யாரும் எழுதவில்லை என்று நினைத்துவிடாதீர்கள். இரட்டைமலை சீனிவாசன் 1893இல் ‘பறையன்’ என்ற பெயரிலேயே இதழ் நடத்தினார், தன் வாழ்க்கையையும் எழுதி வைத்தார். அயோத்திதாசப் பண்டிதர் 1907இல் ‘ஒரு பைசாத் தமிழன்’ தொடங்கினார். தன் பாட்டனார் கந்தப்பன் வெள்ளைக்காரர் ஒருவர் வீட்டில் பட்லராக இருந்தவர் என்றும், அவர் கொடுத்த ஓலைச்சுவடிதான் எல்லீசன் கைக்குப் போன திருக்குறள் என்றும் எழுதினார். குடும்பத்துக்குள் கேட்ட ஒரு கதையை எடுத்துத் தமிழ் இலக்கிய வரலாற்றின் நடுவில் வைத்தார். அண்ணல் அம்பேத்கர் சிறுவயதில் அப்பாவைப் பார்க்க ரயிலில் போய்த் தண்ணீருக்குத் தவித்த கதையை ‘விசாவுக்காகக் காத்திருத்தல்’ என்ற தலைப்பில் எழுதினார். பாமாவின் ‘கருக்கு’ 1992இல் வந்தது. பிறகு ராஜ் கௌதமனின் ‘சிலுவைராஜ் சரித்திரம்’, கே.ஏ. குணசேகரனின் ‘வடு’.

சினிமாவுக்கு இது வந்து சேரத் தாமதமானது. காரணம் எளிது. பேனா இரண்டு ரூபாய், கேமரா இரண்டு லட்சம். மாரி செல்வராஜ் 2024இல் ‘வாழை’யில் சிறுவயதில் தான் வாழைத்தார் சுமந்த வாழ்க்கையைத் திரையில் வைத்தார். கூலியில் ஒரு ரூபாய் கூட்டிக் கேட்டதற்காக லோடு வண்டியின் மேலேயே ஏறிப் போன மக்கள் சாகிறார்கள். சாப்பிடக்கூட விடாமல் துரத்தும் அந்தக் கடைசிக் காட்சியில் தியேட்டரில் அழாத ஆளில்லை. சிலர் கேட்டார்கள், எப்போது பார்த்தாலும் ஏன் இதையே எடுக்கிறார் என்று. காதலை எத்தனை படத்தில் எடுத்தார்கள் என்று யாரும் எண்ணிக்கொண்டிருக்கவில்லை. திவ்யபாரதி 2017இல் மலக்குழி வேலை பற்றி எடுத்த ‘கக்கூஸ்’ ஆவணப்படத்தைப் பல ஊர்களில் திரையிட விடவில்லை. நம் நினைவுக்கு சக்தி இல்லை என்றால் தடுப்பார்களா?

நாம் செய்ய வேண்டியது

இன்று கேமரா எல்லோர் சட்டைப் பையிலும் இருக்கிறது. ரீல்ஸ் எடுக்கத் தெரிந்த பிள்ளைக்கு ஆயாவை எடுக்கத் தெரியாதா? எங்கள் அனுபவத்திலிருந்து சிலவற்றைச் சொல்கிறோம்.

முதலில் பெயர்களைக் கேளுங்கள். அப்பா பெயர், தாத்தா பெயர், அவருடைய அப்பா பெயர். பெண்களின் பெயர்களைக் கட்டாயம் கேளுங்கள், அவைதான் முதலில் அழிகின்றன. பதிவேட்டில் நம் பாட்டன் பெயரை இழிவாக எழுதியிருப்பான். வீட்டில் கூப்பிட்ட பெயர் வேறாக இருக்கும். இரண்டையும் எழுதுங்கள்.

வருடம் கேட்டால் அவர்களுக்குத் தெரியாது. எம்.ஜி.ஆர் செத்த வருஷம் நீ எங்கே இருந்தாய், மாவட்டம் பிரிந்தபோது பெரியவனுக்கு என்ன வயசு என்று கேளுங்கள். 1987, 1989 என்று நாம் கணக்குப் போட்டுக்கொள்ளலாம். தாது வருஷப் பஞ்சத்தைப் பற்றித் தன் ஆயா சொன்னதைச் சொல்லும் ஆயாக்கள் இன்னும் இருக்கலாம். அது 1876இலிருந்து 78 வரை.

நிலத்தைப் பற்றிக் கேட்கும்போது உட்கார்ந்த இடத்திலேயே கேட்காதீர்கள். முடிந்தால் அந்த இடத்துக்கே கைபிடித்துக் கூட்டிப் போங்கள். கால் நடந்தால் வாய் பேசும்.

அவர்கள் பேச விரும்பாததைப் பிடுங்காதீர்கள். “அதெல்லாம் எதுக்கு” என்று சொல்வதற்குப் பின்னால் ஓர் அடி, ஓர் அவமானம், சில சமயம் ஒரு பாலியல் கொடுமை இருக்கும். கேமராவை அணைத்துவிட்டு உட்காருங்கள். பதிவு அவர்களுடையது, நம்முடைய யூடியூப் சேனலுடையது இல்லை. போடலாமா என்று கேட்டுவிட்டுத்தான் போட வேண்டும்.

கடைசியாக நமக்கு நாமே சொல்லிக்கொள்ள வேண்டிய ஒன்று. நாங்கள் முதலில் எடுத்த பன்னிரண்டு பதிவுகளில் பத்தில் பேசியவர்கள் ஆண்கள். அருந்ததியர் தெருவுக்கு நாங்கள் போகவே இல்லை. ஒரு தோழர் கேட்ட பிறகுதான் உறைத்தது. ஊர்த்தெரு நமக்குச் செய்ததை நாம் அடுத்த தெருவுக்குச் செய்துகொண்டு விடுதலை பேச முடியாது. நம்முடைய நினைவுப் பெட்டியிலும் பின்வாசல் இருக்கிறதா என்று பாருங்கள்.

டீக்கடைப் பெரியவர் மறுபடி வருவார். அடுத்த பௌர்ணமிக்கே வரலாம். எந்தத் தெரு என்று கேட்டால், இனி எங்கள் தோழர்கள் தெருப்பெயரோடு நிறுத்திக்கொள்ள மாட்டார்கள். அந்தத் தெருவுக்கு முன்னால் எங்கள் ஆட்கள் எங்கே இருந்தார்கள், மல்லாட்டை எங்கே போட்டார்கள், புளியமரம் எங்கே நின்றது என்று சொல்வார்கள். அவருக்கு நேரம் இருந்தால் கேட்கட்டும்.

ஆயாவின் மூத்த மகள் இன்னும் இருக்கிறார். கிணற்றை அவரும் பார்த்திருக்கிறாராம். ஞாயிற்றுக்கிழமை வரச் சொல்லியிருக்கிறார். இரண்டு போனையும் முழுக்க சார்ஜ் போட்டு எடுத்துக்கொண்டு போகிறோம்.

ஜெய்பீம்.